ரோஜர் ஈபர்ட் நட்சத்திரம் போட்ட கணக்கு: வாசகர் கேள்வி-பதில்

ஒரு படம் எதைப் பற்றியது என்பதல்ல, அதை எப்படிச் சொல்கிறது என்பதே விஷயம் என்று வாழ்நாள் முழுக்கச் சொல்லிவந்தவர் சிகாகோவின் சினிமா விமர்சகர் ரோஜர் ஈபர்ட். அந்தக் கருத்தைச் சென்ற இதழில் ஒரு துணுக்காகப் போட்டதும் போட்டோம், கடிதங்கள் குவிந்துவிட்டன. ஒரே கேள்வியைப் பலர் கேட்டிருந்தால் ஒருவருடையதை மட்டும் எடுத்துக்கொண்டிருக்கிறோம்.

யூடியூபில் படம் விமர்சனம் செய்கிறவர்கள் வாயில் இந்தப் பெயர் அடிக்கடி வருகிறது. யார் இவர்?
– வாசகர், காரைக்குடி

1942இல் அமெரிக்காவின் இல்லினாய் மாநிலத்தில், அர்பானா என்ற பல்கலைக்கழக ஊரில் பிறந்தவர். அப்பா அந்தப் பல்கலைக்கழகத்தில் எலக்ட்ரீஷியன். மகன் பள்ளியில் படிக்கும்போதே உள்ளூர் நாளிதழுக்கு விளையாட்டுச் செய்தி எழுத ஆரம்பித்துவிட்டார். 1966இல் 'சிகாகோ சன்-டைம்ஸ்' நாளிதழில் நிருபராகச் சேர்ந்தார். மறு ஆண்டு ஏப்ரலில், சினிமாப் பக்கத்தைப் பார்த்துக்கொண்டிருந்தவர் விலகியதும் அந்த நாற்காலி இவருக்கு வந்தது. அப்போது வயது 24. 2013 ஏப்ரல் 4 அன்று இறக்கும்வரை, 46 ஆண்டுகள், அதே நாளிதழ், அதே வேலை.

காலமும் கைகொடுத்தது. 1967 என்பது 'பானி அண்டு கிளைட்' வெளியான ஆண்டு. மூத்த விமர்சகர்கள் சிலர் அதை வன்முறைக் குப்பை என்று தள்ளியபோது, இது அமெரிக்க சினிமாவின் மைல்கல் என்று எழுதினார் இந்த இளைஞர். அதே ஆண்டு சிகாகோ திரைப்பட விழாவுக்கு வந்த ஒரு புதுமுக இயக்குநரின் முதல் படத்தையும் பாராட்டினார். அந்தப் புதுமுகத்தின் பெயர் மார்ட்டின் ஸ்கார்செஸி. 1975இல், அமெரிக்கப் பத்திரிகை உலகின் பெரிய விருதான புலிட்சர் பரிசு விமர்சனத்துக்காகக் கிடைத்தது. சினிமா விமர்சகர் ஒருவர் அதைப் பெற்றது அதுவே முதல் முறை. நாடறிந்த முகமானது தொலைக்காட்சியால்தான். அதைப் பற்றிக் கீழே.

'கிளாடியேட்டர்' படத்துக்கு 2 நட்சத்திரம், 'ஸ்பீடு 2' படத்துக்கு 3 நட்சத்திரம் போட்ட மனிதரை எப்படிப் பெரிய விமர்சகர் என்கிறீர்கள்?
– வாசகி, திருச்சி

பட்டியல் அதோடு முடியவில்லை. 'டை ஹார்டு', 'டெட் பொயட்ஸ் சொசைட்டி', 'ஃபைட் கிளப்', 'எ கிளாக்வொர்க் ஆரஞ்ச்' எல்லாவற்றுக்கும் 2தான். 'தி யூஷுவல் சஸ்பெக்ட்ஸ்' ஒன்றரை. 'புளூ வெல்வெட்' ஒன்று. இன்று இவற்றில் பாதியை உலகமே தலையில் வைத்துக் கொண்டாடுகிறது.

ஆனால் அவர் போட்ட நட்சத்திரம் எல்லாப் படங்களையும் ஒரே தராசில் நிறுத்தது அல்ல. 2004இல் 'ஷாவ்லின் சாக்கர்' விமர்சனத்தில் இதைத் தெளிவாகவே விளக்கியிருக்கிறார். 'ஹெல்பாய்' எப்படி இருக்கிறது என்று நண்பர் கேட்டால், 'மிஸ்டிக் ரிவர்' என்ற கனமான படத்தோடு ஒப்பிட்டுச் சொல்லும்படி அவர் கேட்கவில்லை. 'தி பனிஷர்' போன்ற இன்னொரு சாகசப் படத்தோடு ஒப்பிட்டுத்தான் கேட்கிறார். 1978இல் வந்த 'சூப்பர்மேன்' 4 என்றால், 'ஹெல்பாய்' 3, 'பனிஷர்' 2. அவ்வளவுதான் கணக்கு. படம் தான் எடுத்துக்கொண்ட வேலையை அந்த வகைக்குள் எவ்வளவு நன்றாகச் செய்திருக்கிறது என்பதற்கான மதிப்பு அது. இந்த அளவுகோலில் ஒரு பேய்ப்படம் 4 வாங்கலாம், ஒரு காவியம் 2 வாங்கலாம். இரண்டையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் கேலிக்கூத்தாகத்தான் தெரியும்.

அவருடைய எண்களைப் பயன்படுத்தும்போது பலர் சறுக்கும் இடம் ஒன்று உண்டு. உச்சம் 4. நடுவே அரை நட்சத்திரங்களும் உண்டு. பொதுவாக 3 இருந்தால் பார்க்கலாம்; இரண்டரை என்றால் வேண்டாம். இதை விழுக்காடாக மாற்றினால் இரண்டரை 62.5 ஆகிவிடும், நம் ஊர்க் கணக்கில் முதல் வகுப்பு! அவர் கணக்கிலோ அது ஃபெயில். ஆனந்த விகடன் நூற்றுக்கு இத்தனை என்று மதிப்பெண் போட்ட காலத்தில் 50ஐத் தாண்டுவதே பெரிய விஷயம் என்பது பழைய வாசகர்களுக்குத் தெரியும். அதைப் பள்ளிக்கூட மார்க்காக யாரும் எடுத்துக்கொள்ளவில்லை. ஒவ்வொரு அளவுகோலுக்கும் தேறும் கோடு வேறு. அது எங்கே இருக்கிறது என்று பார்க்காமல் எண்ணை மட்டும் தூக்கிவரக் கூடாது.

'புளூ வெல்வெட்' விஷயம் தனி. அந்தப் படம் மோசமாக எடுக்கப்பட்டிருக்கிறது என்று அவர் சொல்லவில்லை. நடிகை இசபெல்லா ரோசலினியை அத்தனை அவமானத்துக்கு உள்ளாக்கும் காட்சிகளை எடுத்துவிட்டு, அவற்றைச் சுற்றிச் சிற்றூர்க் கிண்டலைக் கோத்திருக்கிறார்களே என்பதுதான் கோபம். அந்த வாதத்தை ஏற்கலாம், மறுக்கலாம். ஆனால் காரணம் பக்கத்தில் அச்சாகியிருக்கிறது. நட்சத்திரத்தை மட்டும் பார்த்துவிட்டுப் போகிறவருக்கு அது கிடைக்காது.

கட்டைவிரலை மேலே காட்டுவது, கீழே காட்டுவது – இதுதான் விமர்சனத்தைக் கெடுத்தது என்கிறேன் நான். உங்கள் கருத்து?
– வாசகர், நாகர்கோவில்

நீங்கள் மட்டுமா? 1990இல் 'ஃபிலிம் காமென்ட்' இதழில் விமர்சகர் ரிச்சர்ட் கார்லிஸ் இதையே நீண்ட கட்டுரையாக எழுதினார். ஈபர்ட்டும் அதே இதழில் பதில் எழுதினார்.

முதலில், கட்டைவிரல் காட்டிய அந்தத் தொலைக்காட்சி நிகழ்ச்சி எப்படி நடந்தது என்று பார்த்துவிடலாம். 1975இல் சிகாகோவின் பொதுத் தொலைக்காட்சி நிலையம், போட்டி நாளிதழ்களான 'சன்-டைம்ஸ்' ஈபர்ட்டையும் 'டிரிப்யூன்' ஜீன் சிஸ்கலையும் ஒன்றாக உட்கார வைத்தது. 1978இல் 'ஸ்னீக் பிரிவியூஸ்' என்ற பெயரில் நாடு முழுக்க வந்தது. 1982இல் அங்கிருந்து விலகித் தனியார் விநியோகத்துக்குப் போனார்கள், 1986இல் டிஸ்னிக்கு. கட்டைவிரல் தீர்ப்பு ஊரறிந்ததாக ஆனது இந்தக் கடைசிக் கட்டத்தில்தான். பிறகு அது பதிவுபெற்ற வணிகச் சின்னமே ஆயிற்று. 2007இல் ஒப்பந்தத் தகராறு வந்தபோது அவர் இல்லாமல் நடந்துகொண்டிருந்த நிகழ்ச்சி விரல் இல்லாமல் ஓடியது.

அரங்கம் ஒரு தியேட்டர் பால்கனி போல இருக்கும். அரை மணி நேர நிகழ்ச்சி, நாலைந்து படங்கள். ஒருவர் படத்தை அறிமுகப்படுத்தி, ஒரு துண்டைக் காட்டி, தன் கருத்தைச் சொல்வார். மற்றவர் மறுப்பார் அல்லது ஒத்துக்கொள்வார். விளம்பரம் போக 22 நிமிடம் என்று வைத்துக்கொண்டாலும் ஒரு படத்துக்கு நாலைந்து நிமிடம்தான், அதில் ஒரு நிமிடத்துக்கு மேல் படத்துண்டே தின்றுவிடும். மிச்சமிருக்கும் நேரத்தில் ஆளுக்கு ஏழெட்டு வாக்கியம் பேசலாம். இது விமர்சனம் ஆகாது என்பதை ஈபர்ட்டே மறுக்கவில்லை. தியேட்டருக்கு நல்ல படம் வராத சிற்றூரில் இருப்பவருக்கு அப்படி ஒரு படம் இருக்கிறது என்ற தகவலையாவது இது கொண்டுபோகிறது என்பதுதான் அவர் பக்க நியாயம்.

அதற்குச் சாட்சியும் உண்டு. இரண்டு பேர் ஓட்டலில் உட்கார்ந்து பேசுவதே முழுப் படமாக உள்ள 'மை டின்னர் வித் ஆந்த்ரே' (1981) தியேட்டரில் தாக்குப்பிடித்ததில் இந்த இருவருக்கும் பங்கு உண்டு. சிகாகோவின் இரண்டு கறுப்பினச் சிறுவர்களின் கூடைப்பந்துக் கனவைப் பின்தொடரும், கிட்டத்தட்ட 3 மணி நேரம் ஓடும் 'ஹூப் ட்ரீம்ஸ்' (1994) ஆவணப்படத்தைத் தியேட்டருக்கு வருமுன்பே எடுத்துப் பேசினார்கள். அது ஆஸ்கரின் ஆவணப்படப் பரிந்துரையில்கூட இடம்பெறாதபோது கிளம்பிய கூச்சல், தேர்வு விதிகளை மாற்றும் அளவுக்குப் போனது.

கெடுதல் விரலில் இல்லை, அதை வெட்டி எடுத்து போஸ்டரில் ஒட்டியதில்தான் என்பது எங்கள் கட்சி. 'இரண்டு விரல்களும் மேலே' என்ற வரிக்காகவே விளம்பரத் துறை காத்திருந்தது. இவர் இருந்த துறையில் அது தவிர்க்க முடியாததும்கூட.

ஈபர்ட்டும் சிஸ்கலும் திரையில் போட்ட சண்டை நிஜமா, நாடகமா?
– வாசகர், வேலூர்

நிஜம். போட்டி நாளிதழ்க்காரர்கள், ஆரம்ப ஆண்டுகளில் ஸ்டூடியோவுக்கு வெளியே பேச்சே குறைவு. 1999இல் சிஸ்கல் மூளைக் கட்டியால் 53 வயதில் இறந்தார். நோயின் தீவிரத்தை அவர் வெளியே சொல்லவில்லை, ஈபர்ட்டுக்கும் தெரியாது. பின்னாளில் தன் புற்றுநோயைப் பற்றி ஈபர்ட் ஒளிவுமறைவில்லாமல் எழுதியதற்கு அதுவும் ஒரு காரணம்.

ஒரு கொசுறு: 'சாட்டர்டே நைட் ஃபீவர்' படத்தில் ஜான் டிரவோல்டா போட்ட வெள்ளை சூட்டை 2,000 டாலருக்கு ஏலத்தில் எடுத்தவர் இந்த சிஸ்கல்தான். மோசமான படத்தைச் சோதிக்க அவர் வைத்திருந்த கேள்வியும் பிரபலம்: இதே நடிகர்கள் மதியச் சாப்பாடு சாப்பிடுவதைப் படம் பிடித்திருந்தால், அது இதைவிடச் சுவாரசியமாக இருந்திருக்குமா?

எங்கள் கல்லூரியில் திரைப்படக் கழகம் நடத்துகிறோம். ஈபர்ட் ஒரு படத்தை ஷாட் ஷாட்டாக நிறுத்திப் பாடம் எடுப்பாராமே. நாங்களும் செய்ய விரும்புகிறோம். எப்படி?
– மாணவர், கோவை

1960களின் கடைசியில் அவர் சிகாகோ பல்கலைக்கழகத்தின் மாலை வகுப்பில் சினிமா சொல்லிக்கொடுக்க ஆரம்பித்தார். அப்போது ஒருவர் யோசனை சொன்னார்: கால்பந்துப் பயிற்சியாளர்கள் ஆட்டத்தை ஆராய 16 எம்.எம். புரொஜெக்டரை நிறுத்தி நிறுத்தி ஓட்டுகிறார்களே, அப்படியே சினிமாவையும் பார்க்கலாமே என்று. அதைப் பிடித்துக்கொண்டார். கொலராடோவின் போல்டர் நகரப் பல்கலைக்கழகத்தில் ஆண்டுதோறும் நடக்கும் மாநாட்டில் பல ஆண்டுகள் இதை நடத்தினார். 16 எம்.எம். போய் லேசர் டிஸ்க், அது போய் டிவிடி. முறை மாறவில்லை: முதல் நாள் முழுப் படம், நடுவில் நிறுத்தாமல். அடுத்த நாட்களில் இருட்டில் நாளுக்கு இரண்டு மணி நேரம். கூட்டத்தில் யார் வேண்டுமானாலும் 'நிறுத்து' என்று குரல் கொடுக்கலாம், படம் அந்த இடத்தில் நிற்கும்.

உங்கள் கழகத்தில் முழுப் படத்தையும் நிறுத்தி நிறுத்தி ஆராய வேண்டாம். விநாடிக்கு 24 ஃப்ரேம். இரண்டரை மணி நேரப் படத்தில் 2,16,000 ஃப்ரேம். முழுப் படத்தையும் முதல் நாள் போட்டுவிட்டு, மறுநாள் 15, 20 நிமிடம் ஓடும் ஒரு பகுதியை மட்டும் இரண்டு மணி நேரத்துக்கு எடுத்துக்கொள்ளுங்கள். ரிமோட் ஒருவர் கையில்தான் இருக்க வேண்டும். நிறுத்தச் சொன்னவர்தான் முதலில் பேச வேண்டும். அதுவும் திரையில் கண்ணுக்குத் தெரிவதைப் பற்றி மட்டும். 'இயக்குநர் இங்கே சமூகத்தைச் சாடுகிறார்' என்று ஒருவர் ஆரம்பித்தால் 'எதை வைத்து, சட்டத்தில் (ஃப்ரேமில்) காட்டு' என்று கேளுங்கள். பாதிப் பேச்சு அங்கேயே அடங்கிவிடும். ஒரு நிறுத்தத்துக்கு மூன்று நிமிடம் என்று வரம்பு வையுங்கள். இல்லாவிட்டால் மேடைப் பேச்சாளர் ஒருவர் மாலையைத் தின்றுவிடுவார். எல்லாக் கழகத்திலும் ஒருவர் உண்டு.

இனி எங்கே கெட்டுப்போகும் என்று பார்ப்போம். ஓ.டி.டி.யில் போட்டால் பாஸ் அழுத்தியதும் திரை மங்கி, மேலே பட்டன்களும் படத்தின் பெயரும் வந்து உட்காரும்; ஃப்ரேம் ஃப்ரேமாக நகர்த்தவும் பெரும்பாலும் முடியாது. பழைய புரொஜெக்டராக இருந்தால் திருட்டுப் பிரதியைத் தடுக்கும் காப்புப் பூட்டு காரணமாகப் படமே கறுப்பாகிவிடலாம். டிஸ்க்கே உத்தமம். கணினியில் விஎல்சி பிளேயர் என்றால் 'E' விசை ஒவ்வொரு ஃப்ரேமாக முன்னே தள்ளும். ஷிஃப்ட்டுடன் இடது அம்புக்குறி 3 விநாடி பின்னே இழுக்கும். யூடியூபில் பாஸ் செய்துவிட்டு முற்றுப்புள்ளி விசை முன்னே, காற்புள்ளி விசை பின்னே.

டிவியில் போடுவதானால் 'மோஷன் ஸ்மூத்திங்' என்ற வசதியை அணையுங்கள். நிறுவனத்துக்கு நிறுவனம் அதற்கு வேறு பெயர் வைத்திருப்பார்கள். இரண்டு ஃப்ரேமுக்கு நடுவே இல்லாத ஃப்ரேமை அது தானாக உருவாக்கி நுழைக்கும். எடுக்கப்படாத படத்தை எதற்கு ஆராய வேண்டும்?

எல்லாவற்றையும்விடப் பெரிய ஆபத்து, ஓரம் வெட்டுவது. சினிமாஸ்கோப் படத்தின் அகலம் உயரத்தைப்போல 2.39 மடங்கு, இன்றைய டிவி திரை 1.78 மடங்கு. மேலும் கீழும் வரும் கறுப்புப் பட்டை பிடிக்கவில்லை என்று 'ஜூம்' போட்டுத் திரையை நிரப்பினால் படத்தின் அகலத்தில் கால் பங்கு பறிபோகும். இரண்டு ஓரங்களிலும் நின்றவர்கள் காணாமலே போவார்கள், சற்று உள்ளே நின்றவர் ஓரத்துக்கு வந்துவிடுவார். சட்டத்தில் யார் எங்கே நிற்கிறார் என்று பேசும் கூட்டத்துக்கு இதைவிடக் கெடுதல் வேறில்லை. டிவி சேனல்களுக்காக ஓரம் வெட்டப்பட்ட பிரதியைக் கையில் வைத்துக்கொண்டு பழைய ஸ்கோப் தமிழ்ப் படங்களை ஆராய்கிறவர்கள் இதில் அடிக்கடி மாட்டிக்கொள்கிறார்கள்.

அப்படி நிறுத்திப் பார்க்கும்போது என்னத்தைத் தேடுவது? அவர் ஏதாவது விதி வைத்திருந்தாரா?
– வாசகி, புதுச்சேரி

2008இல் ஒரு கட்டுரையில் பொறுமையாக எழுதியிருக்கிறார். சட்டத்தின் வலப்பக்கம் சாதகமாகவும் இடப்பக்கம் பாதகமாகவும் மனதில் படும். வலப்பக்கம் நோக்கி நகர்வது முன்னேற்றம்போல, இடப்பக்கம் நகர்வது பின்னடைவுபோல. மேலே இருப்பது கீழே இருப்பதை ஆளும். முன்னே இருப்பதற்குப் பின்னே இருப்பதைவிடப் பலம். சமச்சீரான சட்டம் அமைதியாக நிற்கும், சாய்கோடு வந்தால் அசைவு பிறக்கும். நடுவிலிருந்து சற்றே வலப்பக்கம் தள்ளி நிற்கும் பாத்திரத்துக்கு வலு அதிகம். நகரும் பொருளுக்கு அசையாப் பொருளைவிட வலு.

இவை கறாரான விதிகள் அல்ல, போக்குதான் என்று அவரே கட்டுரையில் எச்சரித்திருக்கிறார். வேண்டுமென்றே தலைகீழாக்கும் இயக்குநர்களும் உண்டு. எந்தப் படத்திலும் இதை வாய்ப்பாடுபோல ஒப்பித்தால் தப்பான விடைதான் வரும்.

ஒரே ஒரு காட்சியைச் சொல்கிறோம். 'சிட்டிசன் கேன்' (1941) படத்தில், 1929 பொருளாதாரச் சரிவுக்குப் பிறகு கேன் தன் நாளிதழ்களின் கட்டுப்பாட்டை எழுதிக்கொடுக்கும் இடம். முன்னே மேஜை, மேஜையருகே உட்கார்ந்திருக்கும் இரண்டு பேர், காகிதங்கள். பின்னே சுவரில் ஜன்னல்கள், சாதாரண உயரத்தில் இருப்பதுபோலத் தெரியும். கேன் பேசிக்கொண்டே பின்னோக்கி நடக்கிறார். நடக்க நடக்கச் சிறுத்துக்கொண்டே போகிறார். சுவரை அடைந்ததும்தான் தெரிகிறது, ஜன்னலின் அடிக்கட்டையே அவர் தலைக்கு மேலே இருக்கிறது என்று. அது 6 அடிக்கும் மேலான உயரத்தில் வைக்கப்பட்ட ராட்சத ஜன்னல். ஆள் பொடியனாகிவிடுகிறார். திரும்பி நடந்து வரும்போது மறுபடி வளர்கிறார். கிரெக் டோலண்டின் ஒளிப்பதிவில் முன்னே உள்ள காகிதமும் பின்னே உள்ள சுவரும் ஒரே கூர்மையில் இருப்பதால்தான் இந்தக் கண்கட்டு பலிக்கிறது. பின்புலம் மங்கலாக இருந்தால் ஜன்னலின் அளவை யாரும் கணக்குப் போட்டிருக்க மாட்டார்கள். இந்தப் படத்துக்கு ஈபர்ட் பதிவுசெய்த டிவிடி விளக்கவுரை (படம் ஓடும்போதே கூடவே ஒலிக்கும் பேச்சு) இப்படிப்பட்ட கவனிப்புகளால் நிறைந்தது. உங்கள் முதல் கூட்டத்துக்கு இந்தக் காட்சியையே போடுங்கள், சில நிமிடத்தில் முடிந்துவிடும்.

விமர்சனம் எழுத உட்கார்ந்தால் முதல் பத்தியைத் தாண்ட முடியவில்லை. வழி சொல்லுங்கள்.
– வாசகர், ஈரோடு

இளம் நிருபராக இருந்தபோது இதே நோய் ஈபர்ட்டுக்கும் இருந்தது. மூத்த விளையாட்டு நிருபர் பில் லயன் இரண்டே விஷயம் சொன்னார்: உத்வேகத்துக்காகக் காத்திருக்காதே, ஆரம்பி. ஆரம்பித்தால் முடிவுவரை போ. கட்டுரை எங்கே போகிறது என்று தெரியாமல் எப்படித் தொடங்க வேண்டும் என்று உனக்கு எப்படித் தெரியும்? தன் எழுத்து வேகத்துக்கு அதுவே காரணம் என்று நினைவுக்குறிப்பு நூலில் எழுதியிருக்கிறார்.

அதனால் கடைசிப் பத்தி வரை எழுதிவிட்டு முதல் பத்தியைத் தூக்கி எறியுங்கள். பெரும்பாலும் இரண்டாவது பத்திதான் உண்மையான தொடக்கமாக இருக்கும்.

தியேட்டரில் குறிப்பெடுப்பதற்குப் போன் வேண்டாம், வெளிச்சம் பக்கத்து இருக்கைக்காரரின் சாபத்தை வாங்கித்தரும். சின்ன நோட்டு, பால்பாயின்ட் பேனா. ஒரு பக்கத்துக்கு ஒரே குறிப்பு, பெரிய எழுத்தில். இருட்டில் வரி மேல் வரி ஏறினால் வீட்டுக்கு வந்து ஒன்றும் படிக்க முடியாது. வசனத்தை எழுதினால் அட்சரம் பிசகாமல் எழுதுங்கள், இல்லையென்றால் எழுதாதீர்கள்.

600 வார்த்தை விமர்சனத்தில் கதைக்கு 200 போதும், அதுவும் முதல் அரை மணி நேரத்தில் தெரியவருவது மட்டும். 2005இல் 'மில்லியன் டாலர் பேபி' படத்தின் திருப்பத்தைச் சிலர் வேண்டுமென்றே போட்டு உடைத்தபோது, விமர்சகருக்கு அந்த உரிமை கிடையாது என்று ஈபர்ட் தனிக் கட்டுரையே எழுதினார்.

தமிழில் நாம் பழகிவிட்ட ஒரு கெட்ட வழக்கத்தையும் சொல்லிவிடுகிறோம். 'ஒளிப்பதிவு கண்ணுக்கு விருந்து, பின்னணி இசை படத்துக்குப் பலம், எடிட்டிங்கில் இன்னும் கத்தரி போட்டிருக்கலாம்.' இதை எந்தப் படத்துக்கும் ஒட்டலாம். இந்த மூன்றையும் அடித்துவிட்டு, அந்த இடத்தில் ஒரே ஒரு ஷாட்டை வர்ணியுங்கள். யார் எங்கே நிற்கிறார், கேமரா எங்கே, வெட்டு எப்போது விழுகிறது. படிக்கிறவருக்கு ஒளிப்பதிவும் எடிட்டிங்கும் தானாகப் புரிந்துவிடும்.

திட்டுவதில் மன்னனாமே?
– வாசகர், மதுரை

ஒரு நிருபர் நகைச்சுவை நடிகர் ராப் ஷ்னைடரின் படத்தைக் குத்திக்காட்ட, புலிட்சர் வாங்காத நீ என்னைச் சொல்கிறாயா என்று ஷ்னைடர் சீறினார். 2005இல் அவருடைய அடுத்த படத்துக்கு விமர்சனம் எழுதும்போது ஈபர்ட், நான் புலிட்சர் வாங்கியவன், அந்தத் தகுதியில் சொல்கிறேன், உங்கள் படம் குப்பை என்று முடித்தார். பின்னால் ஈபர்ட் நோயில் படுத்தபோது ஷ்னைடரிடமிருந்து பூங்கொத்து வந்தது. அதையும் ஈபர்ட்டே எழுதினார்.

சொன்னதை மாற்றிக்கொண்டது உண்டா?
– வாசகி, தூத்துக்குடி

உண்டு. 'கிரவுண்ட்ஹாக் டே' படத்துக்கு 1993இல் 3 நட்சத்திரம் போட்டார். 2005இல் அதை மகத்தான படங்கள் வரிசையில் சேர்த்து, அன்று குறைத்து மதிப்பிட்டுவிட்டேன் என்று எழுதினார்.

'தி பிரவுன் பன்னி' கதை இன்னும் சுவை. 2003இல் பிரான்சின் கான் திரைப்பட விழாவில் பார்த்துவிட்டு, அந்த விழாவின் வரலாற்றிலேயே மோசமான படம் என்றார். இயக்குநர் வின்சென்ட் கேலோ இவருடைய பருத்த உடம்பைப் பழித்தார். நான் ஒருநாள் இளைத்துவிடுவேன், ஆனால் நீங்கள் என்றைக்கும் அந்தப் படத்தின் இயக்குநராகத்தான் இருப்பீர்கள் என்றார் ஈபர்ட். மறு ஆண்டு கேலோ 26 நிமிடத்தை வெட்டிப் படத்தை வெளியிட்டபோது, ஈபர்ட் 3 நட்சத்திரம் கொடுத்தார். ஆளை மனதில் வைத்து எடிட்டிங்கைத் தண்டிக்கவில்லை.

வீடியோ கேம் ஒருநாளும் கலையாகாது என்று 2010 ஏப்ரலில் எழுதி ஆயிரக்கணக்கில் வசை வாங்கினார். ஜூலையில், ஆடிப் பார்க்காமல் அதைச் சொல்லியிருக்கக் கூடாது என்று ஒப்புக்கொண்டார். கருத்தை முழுக்க விட்டுக்கொடுத்தாரா என்றால், இல்லை.

இயக்குநர்களோடு நட்பு வைத்துக்கொண்டு விமர்சனம் எழுதுவது நேர்மையா?
– வாசகர், சேலம்

இந்த இடத்தில் அவர் கொஞ்சம் பலவீனமானவர்தான். ரஸ் மேயர் இயக்கிய 'பியாண்ட் தி வேலி ஆஃப் தி டால்ஸ்' (1970) படத்துக்குத் திரைக்கதையே எழுதினார், ஆறு வாரத்தில். வெர்னர் ஹெர்சாக் தன் அன்டார்க்டிகா ஆவணப்படத்தை இவருக்கே அர்ப்பணித்தார். ஸ்கார்செஸியோடு நீண்ட உறவு. நட்பை மறைக்கவில்லை, விமர்சனத்திலேயே சொல்லிவிடுவார் என்பது ஒரு ஆறுதல். அது போதுமா என்பதில் எங்களுக்குள்ளேயே இரண்டு கருத்து இருக்கிறது.

பேச்சு போன பிறகு எப்படி வேலை செய்தார்?
– வாசகி, யாழ்ப்பாணம்

2002இல் தைராய்டு புற்றுநோய், அடுத்த ஆண்டு உமிழ்நீர்ச் சுரப்பி, 2006இல் தாடை எலும்பு அறுவைச் சிகிச்சை. அந்தச் சிகிச்சைக்குப் பின் கழுத்துத் தமனி வெடித்து உயிர் பிழைத்ததே பெரிது. கீழ்த்தாடையும் பேச்சும் வாயால் உண்பதும் போயின. உணவு குழாய் வழியே.

எழுத்து கூடியது. கணினி வாசிக்கும் 'அலெக்ஸ்' என்ற ஆயத்தக் குரலை முதலில் பயன்படுத்தினார். பிறகு எடின்பரோ நகரத்தின் செரிபுரோக் நிறுவனம் அவருடைய சொந்தக் குரலையே உருவாக்க முயன்றது. அதற்குத் தேவை, பின்னணி இசையோ இன்னொருவர் குறுக்கீடோ இல்லாத நீண்ட ஒலிப்பதிவு. சிஸ்கலோடு மல்லுக்கட்டிய தொலைக்காட்சிப் பதிவுகள் அதற்கு உதவாது. டிவிடி விளக்கவுரைகள் கைகொடுத்தன. 2010 மார்ச்சில் ஓப்ரா வின்ஃப்ரே நிகழ்ச்சியில் அந்தக் குரல் ஒலித்தது. மறு ஆண்டு 'டெட்' (TED) உரை மேடையில், ஒரு நகைச்சுவைத் துணுக்கைச் சரியான இடைவெளி விட்டுச் சொல்லிச் சிரிக்க வைக்கும் நாளில்தான் கணினிக் குரல் தேறியதாக அர்த்தம் என்று ஒரு சோதனையையும் முன்வைத்தார்.

2012இல் மட்டும் 306 விமர்சனங்கள். இறப்பதற்கு இரண்டு நாள் முன்பு எழுதிய குறிப்பில் இந்த எண்ணை அவரே சொல்கிறார். மனைவி சாஸ் பக்கத்துணையாக இருந்தார் என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும்.

எதிலிருந்து படிக்க ஆரம்பிக்கலாம்?
– வாசகர், பெங்களூரு

'தி கிரேட் மூவீஸ்' முதல் தொகுதி (2002), நூறு கட்டுரைகள். நீங்கள் ஏற்கெனவே பார்த்த படத்திலிருந்து தொடங்குங்கள். சத்யஜித் ராயின் 'அபு' வரிசைப் படங்கள் மூன்றையும் பற்றிய கட்டுரை அதிலேயே இருக்கிறது. சிரிக்க வேண்டுமென்றால் அவருடைய சினிமாச் சொற்கோவை. துரத்தல் காட்சியில் கட்டாயம் ஒரு பழவண்டி கவிழும் என்பதற்கெல்லாம் அதில் பதிவு உண்டு. அது நம் கோயம்பேட்டுக்கும் பொருந்தும்.

அவர் சமையல் புத்தகம் எழுதினார் என்று ஒரு நண்பர் கதை விடுகிறார். நம்பலாமா?
– வாசகி, கும்பகோணம்

நம்பலாம். 2010இல் வந்தது, முழுக்க முழுக்க ரைஸ் குக்கர் பற்றி. வாயால் ஒரு பருக்கைகூடச் சாப்பிட முடியாத காலத்தில் எழுதியது. இருப்பதிலேயே எளிய குக்கரை வாங்குங்கள், 'குக்', 'வார்ம்' என்று இரண்டே நிலை போதும் என்பது அவர் முதல் விதி. எதைப் போட்டாலும் வெந்ததும் தானாக அணைகிறதே, குக்கருக்கு எப்படித் தெரிகிறது என்று மாய்ந்து மாய்ந்து வியக்கிறார். இதில் மர்மம் இல்லை. தண்ணீர் இருக்கும்வரை பாத்திரத்தின் அடி 100 டிகிரி செல்சியஸை ஒட்டியே நிற்கும். தண்ணீர் வற்றியதும் சூடு ஏறும். அதில் அடியிலுள்ள காந்த சுவிட்ச் பிடியை விட்டு 'வார்ம்' நிலைக்குத் தாவும். அதனால் ரசம் வைத்தால் அணையாது.